சினிமா லுக் வேண்டுமா, ஆவணப்படம் வேண்டுமா?

கேள்வி: ஆவணப்பட ஒளிப்பதிவாளராக ஆசை. பின்னணி மங்கி ‘சினிமா லுக்’ வர 50 மி.மீ., எஃப் 1.8 லென்ஸ் வாங்கலாமா? அமெரிக்க ஆவணப்பட ஒளிப்பதிவாளர் ஆல்பர்ட் மேசில்ஸ் போல எனக்கென்று ஒரு பாணி அமைய என்ன வழி?

பதில்: லென்ஸை வாங்குங்கள், உட்கார வைத்து எடுக்கும் பேட்டிக்கு ஆகும். ஆனால் மேசில்ஸையும் மங்கலான பின்னணியையும் ஒரே மூச்சில் கேட்கிறீர்களே, அதுதான் இடிக்கிறது.

கணக்கைப் பாருங்கள். ஃபுல் ஃபிரேம் (பெரிய சென்சார்) கேமராவில் அந்த லென்ஸின் துளையை எஃப் 1.8-இல் (எண் குறைந்தால் துளை பெரிது) திறந்துவைத்து, 2 மீட்டர் தள்ளி இருப்பவரை எடுத்தால் ஃபோகஸில் நிற்கும் ஆழம் சுமார் 17 செ.மீ.தான். பேச்சு சூடுபிடித்து அவர் ஒரு சாண் முன்னால் சாய்ந்தால் முகம் போயிற்று. ஆட்டோஃபோகஸ் இருக்கிறதே என்பீர்கள். குறுக்கே ஒருவர் நடந்தால் அது அவர் பின்னாலேயே போய்விடும். திரும்பி வருவதற்குள் நீங்கள் காத்திருந்த வார்த்தை பேசி முடிந்திருக்கும். நடிகரிடம் ‘ஒன் மோர்’ கேட்கலாம், ஆவணப்படத்தில் பேசுபவரிடம் முடியாது.

மேசில்ஸ் பாஸ்டன் பல்கலைக்கழகத்தில் உளவியல் கற்பித்தவர். 1955-இல் 16 மி.மீ. கேமராவுடன் சோவியத் மனநல மருத்துவமனைகளைப் படமெடுக்கப் போனார். 1960-இல் அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத் தேர்தல் களத்தைக் காட்டிய ‘பிரைமரி’ படத்தில், நெரிசலுக்குள் கென்னடியின் முதுகுக்குப் பின்னால், கேமராவைத் தலைக்கு மேல் தூக்கியபடி, அகன்ற கோண லென்ஸில் மேடை வரை ஒரே ஷாட்டாகப் போனார். அந்த நிலையில் ஃபோகஸ் வளையத்தைத் திருகுவது நடக்காத காரியம். குறைந்த குவியத் தூரம், சின்ன ஃபிலிம் கட்டம், இரண்டும் ஃபோகஸ் ஆழத்தைக் கூட்டுபவை. கிட்டத்துத் தலையும் தூரத்து மேடையும் சேர்ந்தே தெளிவாக விழுந்தன. பாணி என்று நீங்கள் சொல்வது இந்தத் தேவையிலிருந்து வந்தது. அதே படத்தில் கென்னடியின் மனைவி ஜாக்குலின் கூட்டத்தின் முன் நிற்கும்போது, முதுகுக்குப் பின்னால் வெள்ளைக் கையுறைக்குள் பிசைந்துகொண்டே இருக்கும் விரல்களைக் கவனியுங்கள். முகத்தில் தெரியாத பதற்றம் அங்கே தெரிகிறது. முன்வரிசையில் முக்காலி போட்டவருக்கு அது கிடைத்திருக்காது.

இன்று உங்கள் கேமராவில் இதற்கு வழி: 24 மி.மீ. லென்ஸ், எஃப் 5.6, ஃபோகஸ் 3.4 மீட்டர். வளையத்தை டேப் போட்டு ஒட்டிவிடுங்கள். 1.7 மீட்டரிலிருந்து கண்ணுக்கெட்டிய தூரம் வரை தெளிவு. எஃப் 1.8-ஐவிட வெளிச்சம் பத்தில் ஒரு பங்குதான் வரும். ஐஎஸ்ஓவை (கேமராவின் ஒளி உணர்திறன்) ஏற்றினால் நாய்ஸ் (புள்ளி புள்ளியான இரைச்சல்) வரும், வரட்டும். ஃபோகஸ் தப்பிய முகத்தைவிட அது மேல். மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்றால் ஷட்டர் வேகம் 1/50 விநாடி, 60 என்றால் 1/60. இல்லாவிட்டால் மலிவான எல்இடி விளக்கடியில் திரை முழுக்கப் பட்டை ஓடும்.

அப்புறம், கட் பண்ணும் அவசரம். 16 மி.மீ.யில் 400 அடிச் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். ஃபிலிமில் எடுத்தவர்கள் கையைக் கட்டுப்படுத்தியதில் நியாயம் உண்டு. உங்கள் மெமரி கார்டு மணிக்கணக்கில் ஓடுகிறது. பேச்சு முடிந்த பிறகும் 10 விநாடி ஓட விடுங்கள். ‘சேல்ஸ்மேன்’ (1969) படத்தில் ஆல்பர்ட், டேவிட் மேசில்ஸ் சகோதரர்களோடு எடிட்டர் ஷார்லட் ஸ்வெரினுக்கும் இயக்குநர் பெயர் உண்டு. எடிட்டரின் பங்கு அவ்வளவு. உங்கள் ஃபுட்டேஜை வெட்டுபவர் பக்கத்தில் ஒரு வாரம் உட்காருங்கள். எந்த ஷாட்டை எங்கே சீக்கிரம் நிறுத்தினீர்கள் என்று அவர் தயவு பாராமல் சொல்வார்.