வாசகர் கேள்வி பதில்: டர்பனிலிருந்து வந்த முனுசாமி

கேள்வி: தென்னாப்பிரிக்காவில் டர்பனிலிருந்து ஒருவர் எங்கள் ஊருக்கு வந்து, "எங்கள் குடும்பப் பெயர் முனுசாமி, அந்தக் குடும்பம் இங்கே எது?" என்று கேட்டார். ஊரில் நாலைந்து முனுசாமி உண்டு, ஆனால் யாருக்கும் அது குடும்பப் பெயர் இல்லை. பாவம், இரண்டு நாள் அலைந்துவிட்டுப் போய்விட்டார். அவருக்கு எப்படி உதவலாம்?
- ஒரு வாசகர், நன்னிலம்

பதில்: அந்தப் பெயர் குடும்பப் பெயரானது டர்பனில்தான், நன்னிலத்தில் இல்லை. நம் பக்கம் ஒருவருக்கு ஒரு பெயர், முன்னால் அப்பா பெயரின் முதலெழுத்து, அவ்வளவுதான். கப்பலேறியவரின் பெயரோ அவருடைய அப்பா பெயரோ அங்கே ஏதோ ஒரு தலைமுறையில் கடைசிப் பெயராக எழுதப்பட்டு அப்படியே நிலைத்துவிட்டது. கூடப் போன தம்பியின் பிள்ளைகளுக்கு வேறு குடும்பப் பெயர்கூட இருக்கலாம். அதனால் பெயரை விடுங்கள், ஊரைப் பிடியுங்கள்.

1860 முதல் 1911 வரை ஒப்பந்தக் கூலிகளாக, டர்பன் இருக்கும் நேட்டால் பகுதிக்கு இந்தியாவிலிருந்து ஒன்றரை லட்சம் பேர் போனார்கள். ஒவ்வொருவருக்கும் ஒரு எண் கொடுத்து, அதற்கு நேரே பெயர், தகப்பன் பெயர், வயது, சாதி, ஜில்லா, தாலுகா, கிராமம், அங்க அடையாளம் வரை கப்பல் பட்டியலில் எழுதினார்கள். அந்த எண்ணையும் அதற்குரிய வரியையும் அவரை அனுப்பச் சொல்லுங்கள். எழுதியவர் காதில் விழுந்தபடி ஆங்கிலத்தில் எழுதியிருப்பார், கண்ணால் படித்தால் ஊர் பிடிபடாது, வாய்விட்டுப் படித்து ஊர்ப் பெரியவர்கள் காதில் போடுங்கள். ஜில்லா 'தஞ்சாவூர்' என்றிருந்தால் இன்றைய தஞ்சாவூரோடு நின்றுவிடாதீர்கள். நாகப்பட்டினம் 1991-லும், திருவாரூர் 1997-லும், மயிலாடுதுறை 2020-லும்தான் தனி மாவட்டங்களாயின.

அப்புறம், பலரும் ஏமாறும் இடம் ஒன்று உண்டு. தாத்தா பெயரைப் பேரனுக்கு வைப்பது நம் வழக்கம் (பேரன் என்ற சொல்லே பெயரனிலிருந்து வந்ததுதான்), ஆகவே ஒரே வீட்டில் முனுசாமி மகன் கோவிந்தன், கோவிந்தன் மகன் முனுசாமி என்று இரண்டு பெயர்களே மாறி மாறி வரும், வயதைப் பார்க்காமல் பெயரை மட்டும் பொருத்தினால் தாத்தாவின் தாத்தாவைத் தாத்தாவாக்கிவிடுவோம்.

பட்டா, சிட்டா பார்க்கச் சொல்லிப் பலர் யோசனை சொல்வார்கள். நிலம் இருந்தவர்களுக்கு அது சரி. ஆனால் கூலியாகக் கப்பலேறியவர்களில் எத்தனையோ பேர் பண்ணையாட்களாகவும் நிலமில்லாதவர்களாகவும் இருந்தவர்கள், அவர்கள் பெயர் எந்தப் பட்டாவிலும் இருக்காது. பட்டாவில் இல்லை என்பதற்காக அந்தக் குடும்பமே இந்த ஊரில் இல்லை என்று தயவுசெய்து அவரிடம் சொல்லிவிடாதீர்கள். அவர் வீட்டில் என்ன சாமி கும்பிடுகிறார்கள், எந்த மாதம் படையல், ஆடு வெட்டுவார்களா, பொங்கல் மட்டும்தானா என்று கேளுங்கள். பெயரும் பேச்சும் மாறின பிறகும் குலதெய்வ வழக்கத்தை விடாத குடும்பங்கள் உண்டு. அதே சாமிக்கு அதே மாதிரி படைக்கிற பங்காளிகள் உங்கள் ஊரைச் சுற்றி யார் யார் என்பது கோயில் பூசாரிக்குத் தெரிந்திருக்கும்.

கேள்வி: என் அப்பாயியின் தம்பி நாகப்பட்டினத்தில் கப்பலேறிப் பினாங்குக்குப் போனவர். கடிதம் நின்று ஐம்பது வருஷம் ஆகிறது. ஒரு போட்டோகூட வீட்டில் இல்லை. எங்கிருந்து தொடங்குவது?
- ஒரு வாசகி, திருத்துறைப்பூண்டி

பதில்: பரணிலிருந்து. அங்கே பழைய மொய் நோட்டு இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். மொய் எழுதுகிறவர் ஊர், பெயர், தொகை மூன்றையும் எழுதியிருப்பார். எங்கள் அத்தை கல்யாண நோட்டில் 'பினாங்கு' என்று போட்டு, பெயருக்குப் பக்கத்தில் 'கையில் கொடுத்தது' என்று இன்னொருவர் பெயரும் இருந்தது. அந்த இன்னொருவர் பக்கத்து ஊர்க்காரர், அவர் மகனிடம் போய்க் கேட்டபோதுதான் எங்கள் சின்னத் தாத்தாவின் முகவரி எழுதிய பழைய கடித உறை கிடைத்தது. வீட்டு மனைப் பத்திரம் இருந்தால் அதையும் எடுங்கள். எழுதிக்கொடுத்தவர் இன்னார் குமாரர் என்பதோடு நான்கெல்லையில் பக்கத்து மனைக்காரர்கள் பெயரும் இருக்கும். அந்த வீடுகளிலிருந்தும் யாராவது பினாங்குக்குப் போயிருக்கலாம், விசாரியுங்கள். நோட்டு செல்லரித்திருந்தால் புரட்டுவதற்கு முன்னால் பக்கம் பக்கமாகப் போட்டோ எடுத்துவிடுங்கள்.