எம்.எல்.ஏ.க்களில் பெரும்பாலோர் ஒரு பக்கம் போனால் கட்சியும் சின்னமும் அவர்களுக்கே வந்துவிடுமா?

மூன்றில் ஒரு பங்கு பேர் சேர்ந்து பிரிந்தால் பதவி போகாதாமே என்றும் கேட்டிருக்கிறீர்கள். முதலில் அது. கட்சித் தாவலைத் தடுக்க 1985இல் அரசமைப்புச் சட்டத்தில் வந்த பத்தாவது அட்டவணையின் 3ஆவது பத்தியில் அந்த வசதி இருந்தது. 2003இல் 91ஆவது திருத்தம் எடுத்துவிட்டது. இருபது வருஷம் தாண்டியும் டிவி விவாதங்களில் அதையே சொல்லிக்கொண்டிருக்கிறார்கள், எரிச்சலாக வருகிறது. இப்போது மிச்சம் 4ஆவது பத்திதான்: வேறு கட்சியோடு இணைப்பு, அதற்கு மூன்றில் இரண்டு பங்கு எம்.எல்.ஏ.க்களின் சம்மதம்.

பதவி சபாநாயகர் கையில். சின்னம் தேர்தல் ஆணையத்தின் கையில். இரண்டையும் குழப்பிக்கொள்வதால்தான் உங்கள் கேள்வியே வருகிறது.

சின்னத்துக்கு 1968 சின்னங்கள் ஆணையின் 15ஆவது பத்தி. அங்கீகரிக்கப்பட்ட கட்சிக்கு மட்டுமே அது பொருந்தும். 1969இல் காங்கிரஸ் உடைந்து, 1971 சாதிக் அலி வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒப்புக்கொண்ட அளவுகோல்கள்தான் இன்றும்: கட்சியின் கொள்கை, கட்சி விதிகள், பெரும்பான்மை. முதலிரண்டில் இரு தரப்பும் ஒரே பாட்டைப் பாடும் என்பதால் கடைசியில் தலை எண்ணுவதில் வந்து நிற்கும். எம்.பி., எம்.எல்.ஏ. தலைகள் மட்டுமல்ல, பொதுக்குழுத் தலைகளும்.

பலர் கோட்டை விடும் இடம் இங்கேதான். சண்டைக்கு முன்பே ஆணையத்தில் ஒழுங்காகக் கொடுத்து வைத்த விதிகளும் நிர்வாகிகள் பட்டியலும் இல்லையென்றால், பொதுக்குழுக் கணக்கு எடுபடாது. மகாராஷ்டிரத்தில் உடைந்த சிவசேனையின் 2018 விதித் திருத்தம் ஆணையத்தின் பதிவில் இல்லை. அமைப்புப் பலத்தை அளக்க முடியாமல், 55 எம்.எல்.ஏ.க்களில் 40 பேர் பிரிந்து போன ஏக்நாத் ஷிண்டே பக்கம் என்பதே 2023 பிப்ரவரியில் ஆணையத்தின் தீர்ப்பை முடிவு செய்தது.

விசாரணை முடியுமுன் தேர்தல் வந்தால் சின்னம் முடக்கம். இரு தரப்பும் தற்காலிகப் பெயரும் சின்னமும் வாங்கிக்கொள்ள வேண்டும். அ.தி.மு.க. உடைந்திருந்த 1989இல் ஜெயலலிதாவுக்குச் சேவல், ஜானகிக்கு இரட்டைப் புறா. 2017 மார்ச்சில் சசிகலா அணிக்குத் தொப்பி, ஓ.பி.எஸ். அணிக்கு மின்கம்பம். அந்த வழக்கில் எதிரெதிரே நின்ற ஓ.பி.எஸ்.ஸும், சசிகலா அணியில் இருந்த இ.பி.எஸ்.ஸும் ஆகஸ்டில் கை கோத்தார்கள். நவம்பர் 23 அன்று இரட்டை இலை அவர்களுக்கு வந்தது. அடுத்த மாதமே ஆர்.கே. நகர் இடைத்தேர்தலில் சசிகலா தரப்பின் டி.டி.வி. தினகரனுடைய குக்கர் ஜெயித்தது, அது வேறு கதை.

இலைக்காரர்களோ குக்கர்காரர்களோ கோபிக்க வேண்டாம், நான் யாருக்கும் வக்காலத்து வாங்கவில்லை. ஆனால் பதவிப் பக்கம் நடந்ததைப் பாருங்கள். முதல்வர் இ.பி.எஸ்.ஸுக்கு ஆதரவில்லை என்று ஆளுநரிடம் கடிதம் கொடுத்த தினகரன் பக்கத்து எம்.எல்.ஏ.க்கள் 18 பேருக்கு 2017 செப்டம்பரில் பதவி போனது. அதே வருஷம் பிப்ரவரியில் நம்பிக்கை வாக்கெடுப்பில் அரசை எதிர்த்தே ஓட்டுப் போட்ட ஓ.பி.எஸ். அணியின் 11 பேருக்குப் போகவில்லை. சபாநாயகர் சாதாரணமாக மூன்று மாதத்துக்குள் முடிவெடுக்க வேண்டும் என்று 2020இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. முடிவெடுக்காமலே காலத்தைத் தள்ளினால் என்ன செய்வது என்பதற்குச் சட்டத்தில் பதிலில்லை.

கட்சி ஆபீஸ் சாவி இந்த இரண்டிலும் சேராது. ஓ.பி.எஸ்.ஸும் இ.பி.எஸ்.ஸும் மறுபடி பிரிந்து, 2022 ஜூலை 11 அன்று ராயப்பேட்டை அ.தி.மு.க. ஆபீஸில் அடிதடி ஆனதும் ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்) பூட்டி சீல் வைத்தது, இடம் யார் கையில் என்ற தகராறுக்கான குற்றவியல் நடைமுறைச் சட்டம் 145ஆவது பிரிவின்படி. ஒன்பது நாள் கழித்து உயர் நீதிமன்றம் சொல்லித்தான் சாவி இ.பி.எஸ். தரப்புக்குப் போனது.