வாசகர் கேள்வி – பதில்: நெப்போலியனின் மார்ஷல்கள்

திருச்சி வாசகர் ஒருவர்: நெப்போலியனின் தளபதிகளில் பலர் எளிய குடும்பங்களில் பிறந்தவர்கள் என்கிறார்களே, பரம்பரைப் பிரபுக்கள் கோலோச்சிய காலத்தில் அது எப்படி நடந்தது?

புரட்சிக்கு முந்தைய பிரான்சில் அது நடந்திருக்க வாய்ப்பே இல்லை. நான்கு தலைமுறைப் பிரபுத்துவத்தை நிரூபிப்பவர்களே நேரடியாக அதிகாரிப் பதவிக்கு வரலாம் என்று 1781ஆம் ஆண்டு அரசாணை ஒன்று விதித்திருந்தது. இளம் வயதிலேயே அநாதையாகிக் கப்பலில் எடுபிடிச் சிறுவனாக வேலை பார்த்த மஸ்ஸேனா, 1775இல் படையில் சேர்ந்து 14 ஆண்டுகள் உழைத்தும் அதிகாரியாக முடியாமல் 1789இல் வெளியேறினார். அதே ஆண்டில் புரட்சி வெடித்தது. பிரபுக்குல அதிகாரிகள் பெருமளவில் நாட்டைவிட்டு ஓட, காலியான இடங்களுக்குத் திறமையும் துணிவும் மட்டுமே தகுதியாயின. விடுதிக்காரர் மகன் முரா, பீப்பாய் செய்பவரின் மகன் நே, பழைய சார்ஜெண்ட் லெஃபெவ்ர் ஆகியோர் மேலே வந்த வழி இதுதான். தவூ, குரூஷி போன்ற பிரபுக்குலத்தவரும் புரட்சியின் பக்கம் நின்று அவர்களோடு சேர்ந்தே வளர்ந்தார்கள்.

1804 மே 18 அன்று நெப்போலியன் பேரரசராக அறிவிக்கப்பட்டார். மறுநாளே 18 பேரைப் படையின் மிக உயர்ந்த பதவியான மார்ஷல் பதவியில் நியமித்தார். இறுதியில் அந்த எண்ணிக்கை 26 ஆயிற்று. பதவியின் அடையாளமாக நீல வெல்வெட் போர்த்திப் பொற்கழுகுகள் பதித்த ஒரு கோல் வழங்கப்பட்டது. ‘போரில் பேரச்சம், அமைதியில் அணிகலன்’ என்ற பொருள் தரும் லத்தீன் வாசகம் அதில் பொறிக்கப்பட்டிருந்தது.

மதுரை வாசகி ஒருவர்: ‘வீரர்களுள் மாவீரர்’ என்று நெப்போலியனால் புகழப்பட்ட மார்ஷல் நே, பிரெஞ்சு வீரர்களாலேயே சுட்டுக் கொல்லப்பட்டது ஏன்? அவர் உண்மையிலேயே துரோகியா?

சட்டத்தின் கண்ணில் துரோகிதான். ஆனால், அந்தத் தண்டனையை நியாயமானது என்று என்னால் ஏற்க இயலவில்லை.

1812இல் ரஷ்யாவிலிருந்து பின்வாங்கிய படைக்குப் பின்காவலாக நின்றவர் நே. கிராஸ்னோய் அருகே எதிரிகளால் துண்டிக்கப்பட்டபோது சரணடைய மறுத்து, இரவோடு இரவாக தினீப்பர் ஆற்றின் மெல்லிய பனித்தகட்டின்மேல் தம் ஆட்களை நடத்திச் சென்று, ஆயிரத்துக்கும் குறைவான வீரர்களோடு பேரரசரிடம் வந்து சேர்ந்தார். அதே மனிதர்தான் 1814 ஏப்ரலில் ஃபோன்தென்புளோ அரண்மனையில், எதிரிகள் வசமாகியிருந்த பாரிஸை நோக்கிப் படை இனி நகராது என்று பேரரசரின் முகத்துக்கு நேரே சொன்னார். நாடு மேலும் குருதி சிந்தக் கூடாது என்பது அவர் எண்ணம். அதில் நான் தவறு காணவில்லை.

சிக்கல் அடுத்த ஆண்டில்தான் வந்தது. பதவி துறந்து எல்பாத் தீவுக்கு அனுப்பப்பட்டிருந்த நெப்போலியன் அங்கிருந்து திரும்பியபோது, அவரை இரும்புக் கூண்டில் அடைத்துக் கொண்டுவருவதாக, அவருக்குப் பின் அரியணை ஏறியிருந்த பதினெட்டாம் லூயி மன்னருக்கு நே வாக்குக் கொடுத்தார். ஆனால், லோன்-லெ-சோனியே நகரை அடைந்தபோது தம் வீரர்களின் மனம் முழுவதும் நெப்போலியன் பக்கம் சாய்ந்துவிட்டதைக் கண்டார். 1815 மார்ச் 14 அன்று, அந்த வீரர்களின் முன்னிலையிலேயே தாமும் பக்கம் மாறினார். போர்க்களத்தில் நொடியில் முடிவெடுத்துப் பழகியவருக்கு, இரண்டு விசுவாசங்களுக்கு நடுவே நின்று நிதானமாக எண்ணிப் பார்க்கும் பயிற்சி இருந்ததில்லை என்றே நான் கருதுகிறேன்.

வாட்டர்லூ தோல்விக்குப் பிறகு அவரை விசாரிக்க அமைந்த இராணுவ நீதிமன்றத்துக்குத் தலைமை ஏற்க மார்ஷல் மோன்சே மறுத்துவிட்டார். அதற்காகப் பதவி பறிக்கப்பட்டு மூன்று மாதச் சிறையும் பெற்றார். இந்த வரலாற்றில் என் மனத்துக்கு மிக நெருக்கமானவர் அவர்தான். பின்னர் ஜூர்தான் தலைமையில் கூடிய அந்த நீதிமன்றத்தில் நேயின் பழைய தோழர்கள் பலர் அமர்ந்திருந்தார்கள். நாடாளுமன்றத்தின் மேலவையான பிரபுக்கள் அவையின் உறுப்பினரான தம்மை அந்த அவையே விசாரிக்க வேண்டும் என்று நே தரப்பு வாதிட, நீதிமன்றமும் தனக்கு அதிகாரமில்லை என்று விலகிக்கொண்டது. தம்மைக் காப்பாற்றியிருக்கக்கூடியவர்களை அவரே விலக்கி வைத்ததாக முடிந்தது.

வாட்டர்லூவுக்குப் பிறகு பாரிஸ் சரணடைந்தபோது கையெழுத்தான உடன்படிக்கை, நகரில் இருந்தோரின் கடந்தகாலச் செயல்களுக்காக எவரையும் தண்டிப்பதில்லை என்று உறுதியளித்திருந்தது. அந்த வாதத்தை முன்வைக்க அவை அனுமதிக்கவில்லை. நேயின் பிறந்த ஊரான சார்லூயி அப்போது ஜெர்மானிய அரசான பிரஷ்யாவுக்குப் போய்விட்டதால் அவர் பிரெஞ்சுக் குடிமகனே அல்லர் என்று அவருடைய வழக்கறிஞர் துப்பேன் வாதத்தைத் திருப்பியபோது, நே குறுக்கிட்டு, தாம் பிரெஞ்சுக்காரர் என்றும் பிரெஞ்சுக்காரராகவே சாகப்போவதாகவும் அறிவித்துத் தப்பிக்கும் கடைசி வழியையும் அடைத்தார். மரண தண்டனைக்கு வாக்களித்தவர்களில் மார்மோன், விக்டோர் போன்ற மார்ஷல்களும் இருந்தார்கள். 1815 டிசம்பர் 7 காலையில் கண்ணைக் கட்ட மறுத்து நின்ற அவரைச் சுட்டுக் கொன்றார்கள்.

சேலம் வாசகர் ஒருவர்: மார்ஷல்களுள் போர்த்திறனில் முதலிடம் யாருக்கு?

தயக்கமின்றி தவூவுக்குத் தருவேன். 1806 அக்டோபர் 14 அன்று யேனாவில் பிரஷ்யாவின் முதன்மைப் படையோடு மோதுவதாக நெப்போலியன் எண்ணிக்கொண்டிருக்க, உண்மையான முதன்மைப் படையோ அவர்ஸ்டெட் அருகே தவூவின்மேல் வந்து விழுந்தது. சுமார் 27,000 வீரர்களோடு, ஏறத்தாழ இருமடங்குப் படையை அவர் நாளெல்லாம் தடுத்து நின்று இறுதியில் விரட்டியடித்தார். நான்கில் ஒரு பங்கு வீரர்களை இழந்துதான் அந்த வெற்றி கிடைத்தது. செய்தி வந்தபோது நெப்போலியன் முதலில் நம்பவில்லை. பிறகு பெர்லினுக்குள் முதலில் அணிவகுத்து நுழையும் பெருமையைத் தவூவின் படைக்கே அளித்தார். இத்தகையவரை 1815இல் போர் அமைச்சராகப் பாரிஸில் அமர்த்திவிட்டு, வாட்டர்லூவுக்கு நேயையும் குரூஷியையும் நம்பிச் சென்றது நெப்போலியனின் பெரும் பிழை.

கோவை வாசகி ஒருவர்: ஒரு மார்ஷலின் சந்ததி இன்றும் அரசாள்கிறதாமே?

ஆம், சுவீடனில். வாரிசில்லாத சுவீடன் மன்னருக்குப் பட்டத்து இளவரசராக 1810இல் மார்ஷல் பெர்னதோத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1813இல் நெப்போலியனுக்கு எதிராகவே படை நடத்திய அவர், 1818இல் அரியணை ஏறினார். இன்றைய மன்னர் கார்ல் குஸ்தாவ் அவர் வழித்தோன்றலே.

புதுச்சேரி வாசகர் ஒருவர்: நெப்போலியனின் தளபதி எவராவது எங்கள் ஊருக்கு வந்ததுண்டா?

மார்ஷல் எவரும் வந்ததில்லை. ஜெனரல் ஷார்ல் தெகான் வந்தார். 1802இல் பிரான்சும் பிரிட்டனும் செய்துகொண்ட ஆமியேன் சமாதான உடன்படிக்கைப்படி புதுச்சேரி பிரான்சுக்குத் திரும்ப வேண்டியிருந்தது. இந்தியாவிலுள்ள பிரெஞ்சுப் பகுதிகளின் தலைமை ஆளுநராக நியமிக்கப்பட்ட தெகான், லினுவா தலைமையிலான கப்பற்படையோடு 1803 ஜூலையில் புதுச்சேரிக் கரைக்கு வந்தார். ஆங்கிலேயரோ ஊரை ஒப்படைக்கவில்லை. மீண்டும் போர் மூளப்போவதை உணர்த்தும் புதிய ஆணையும் வந்து சேரவே, கப்பல்கள் இரவில் நங்கூரம் எடுத்து மொரீஷியஸை நோக்கிப் புறப்பட்டன. முன்னதாகவே வந்து இறங்கியிருந்த ஒரு சிறு பிரெஞ்சுப் பிரிவு கரையிலேயே விடப்பட்டு, பின்னர் ஆங்கிலேயரிடம் சரணடைந்தது.

மொரீஷியஸை தெகான் ஏழாண்டுகள் காத்து ஆண்டார். ஆஸ்திரேலியக் கடற்கரையை வரைபடமாக்கிய மாத்யூ ஃபிளிண்டர்ஸை அங்கே ஆறு ஆண்டுகளுக்கும் மேல் தடுத்து வைத்தவரும் இவரே. 1810 டிசம்பரில் பெரும் ஆங்கிலப் படையிடம் தீவை ஒப்படைத்தபோதும், தம் வீரர்கள் போர்க்கைதிகளாகாமல் தாயகம் திரும்பும்படி நிபந்தனை பெற்றுக்கொண்டார். புதுச்சேரி பிரான்சின் கைக்கு வந்தது 1816இல்தான். அதற்குள் நெப்போலியன் செயின்ட் ஹெலினாத் தீவில் சிறைப்பட்டிருந்தார்.