பெயில் வாங்கித் தருகிறேன் என்று 15,000 ராண்ட் கேட்கிறார், கொடுக்கலாமா?

கேள்வி: அக்கா மகனை வெள்ளிக்கிழமை ராத்திரி போலீஸ் பிடித்துப்போனது. துப்பாக்கியைக் காட்டி ஒருவரின் காரைப் பறித்தானாம். அந்த நேரத்தில் அவன் வீட்டில்தான் இருந்தான். 15,000 ராண்ட் கொடுத்தால் திங்கட்கிழமையே பெயில் என்று கோர்ட் வாசலில் ஒருவர் சொல்கிறார். கொடுக்கலாமா? (தென்னாப்பிரிக்காவின் டர்பனில் உள்ள சாட்ஸ்வொர்த் வாசகி)

பதில்: கொடுக்காதீர்கள் அம்மா. மாஜிஸ்திரேட் பெயில் தந்து, தொகை சொன்ன பிறகு, கோர்ட் காசாளரிடமோ சிறையிலோ கட்டி ரசீது வாங்குவதுதான் பெயில் பணம். உத்தரவுக்கு முன்னால் கேட்கப்படுவது எதுவும் பெயில் பணம் ஆகாது. வக்கீல் கட்டணம் வேறு, அதற்கும் ரசீது உண்டு. "பிராசிக்யூட்டர் (அரசுத் தரப்பு வக்கீல்) நம்ம ஆள்" என்று பேசுகிறவரிடம், வக்கீல்களைப் பதிவு செய்யும் லீகல் பிராக்டிஸ் கவுன்சிலில் பதிவு உண்டா என்று கேளுங்கள். ஆள் நழுவிவிடுவார். லஞ்சமாகக் கொடுத்தால் கொடுத்த நீங்களும் குற்றவாளிதான்.

இந்த வழக்கில் ஸ்டேஷனில் பெயில் கிடையாது, பிராசிக்யூட்டரும் தர முடியாது. பிடித்தவரைக் கோர்ட்டில் நிறுத்தச் சட்டம் தரும் 48 மணி நேரம் ஞாயிறு இரவு முடிவதால், திங்கள் கோர்ட் கலைவதற்குள் அவனை நிறுத்தியாக வேண்டும். அன்றைக்கே விடுதலை என்று எதிர்பார்க்காதீர்கள். அரசுத் தரப்பு ஒரு தடவைக்கு 7 நாள் வரை தவணை கேட்கலாம். அவன் விலாசத்தைச் சரிபார்க்க அரை நாள் போதும், அதற்கு 7 நாள் கேட்டுவிட்டு எட்டாம் நாள் "இன்னும் பார்க்கவில்லை" என்று வந்து நிற்பார்கள். பையன் உள்ளே கிடப்பான்.

சாதாரண வழக்கில் பெயில் ஏன் கூடாது என்று அரசு காட்ட வேண்டும். கார் பறிப்பு 1977ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 6ஆம் அட்டவணையில், அதாவது மிகக் கடுமையான குற்றங்களின் பட்டியலில், இருக்கிறது. அங்கே பாரம் பையன் தலையில். 60(11)(அ) பிரிவின்படி, வெளியே விடத்தக்க "விதிவிலக்கான சூழ்நிலை" இருக்கிறது என்று அவன்தான் நிரூபிக்க வேண்டும். இந்தப் பிரிவு செல்லும் என்று 1999இல் அரசியலமைப்பு நீதிமன்றமும் சொல்லிவிட்டது. நல்ல பையன், வேலை இருக்கிறது, அம்மாவுக்குச் சர்க்கரை வியாதி என்பதெல்லாம் சொல்ல வேண்டியவைதான், ஆனால் அவை மட்டும் போதாது. கனமாக நிற்பது, அரசின் வழக்கு பலவீனமானது என்று காட்டுவது.

அட்டவணை எண்ணில் ஏமாறாதீர்கள். 5ஆம் அட்டவணை வழக்கென்றால் நீதியின் நலன் பாதிக்காது என்று காட்டினால் போதும், அது கொஞ்சம் இலேசு. ஆனால் 5ஆம் அட்டவணைக் குற்றத்தில் முன்பே தண்டனை பெற்றிருந்தாலோ, அப்படி ஒரு குற்றத்துக்குப் பெயிலில் இருக்கும்போது மறுபடி அதே அட்டவணையில் மாட்டினாலோ, வழக்கு 6க்கு ஏறிவிடும். உதாரணமாக 50,000 ராண்டுக்கு மேல் மதிப்புள்ள போதைப்பொருளை விற்றதாக ஒருவன் பெயிலில் இருக்கிறான், இப்போது 5,00,000 ராண்டுக்கு மேல் மோசடி என்று பிடிபடுகிறான் என்று வையுங்கள். தனித்தனியாக இரண்டும் 5, சேர்ந்தால் இவனுக்கு 6. ஆகவே உங்கள் பையனிடம் பழைய வழக்கு, நிலுவை வழக்கு எல்லாம் கேட்டுவிடுங்கள். வழக்கு எந்த அட்டவணை என்று அரசு எழுத்தில் உறுதி கொடுத்தால் முதல் பார்வைக்கு அதுவே ஆதாரம். கோர்ட்டில் பழைய தண்டனையை மறைத்தால் 2 வருடம் வரை சிறை, தனிக் குற்றமாக.

முதல் மனுவை அரைகுறையாகப் போடாதீர்கள். நிராகரித்தால் மறுபடி கேட்கப் புதிய விஷயம் வேண்டும், தெரிந்தே சொல்லாமல் விட்டது புதிது ஆகாது. போலீஸ் டாக்கெட்டும் (விசாரணைக் கோப்பு) கைக்கு வராது. அதனால் உங்கள் பக்கத்துச் சாட்சியத்தை நீங்களே திரட்ட வேண்டும். அவன் வீட்டில் இருந்தான் என்றால் யார் பார்த்தது? தெருக்கடை கேமராப் பதிவு சில நாளில் அழிந்துவிடும், இன்றே போய்க் கேளுங்கள்.

விலாசத்தில்தான் நம் வீடுகள் சறுக்குகின்றன. நகராட்சி பில் இறந்துபோன தாத்தா பெயரிலேயே வரும், பையன் பின்கட்டு அறையில் தூங்குவான். போலீஸ் வந்து தட்டும்போது முன்வீட்டில் யாரும் இல்லையென்றால் "விலாசம் உறுதியாகவில்லை" என்று எழுதிப்போய்விடுவார். பில், தாத்தாவின் மரணச் சான்று, "இவன் எங்களோடு இருக்கிறான்" என்று அக்காவின் சத்தியப் பிரமாணம், மூன்றையும் சேர்த்து வையுங்கள். அரசுத் தரப்புச் சாட்சிகள் அதே தெருவில் இருந்தால் வேறு ஊரில் ஒரு சொந்தக்காரர் வீட்டைக் காட்டுவது நல்லது. பாஸ்போர்ட் இருந்தால் ஒப்படைக்கத் தயார் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

கூண்டில் ஏறிப் பேசுவதா, பிரமாணப் பத்திரம் தருவதா என்பதை வக்கீலோடு தீர்மானியுங்கள். பத்திரத்தைக் குறுக்கு விசாரணை செய்ய முடியாததால் அதன் எடை குறைவு. கூண்டில் சொன்னதோ பிறகு விசாரணையில் அவனுக்கு எதிராகவே வரலாம். வக்கீலுக்குப் பணம் இல்லையென்றால் லீகல் எய்டுக்கு (அரசின் சட்ட உதவி) விண்ணப்பிக்கலாம். பெயில் மறுத்தால் ஹைகோர்ட்டில் மேல்முறையீடு உண்டு, ஆனால் கீழ்க் கோர்ட் தவறு செய்தது என்று தோன்றினால்தான் மாற்றுவார்கள்.

பெயில் கிடைத்தால் ரசீதை உங்கள் பெயரிலேயே, உங்கள் அடையாள அட்டையோடு எழுதி வாங்குங்கள். தீர்ப்பு எப்படி வந்தாலும், அவன் தவறாமல் ஆஜரானால் அந்தப் பணம் திரும்ப வரும். ஒரு நாள் வராவிட்டால் வாரண்ட், பணம் தற்காலிகப் பறிமுதல். 14 நாளுக்குள் அவன் வந்து சரியான காரணம் சொல்லவில்லையென்றால் அது நிரந்தரம்.