அமெரிக்காவில் மதுவிலக்குக்கு முன்பு ஊருக்கு ஊர் தனி பீர் இருந்ததாமே? அதில் ஒன்றை இன்று வீட்டில் காய்ச்ச முடியுமா?

முடியும். லூயிவில் பீரை எடுத்துக்கொள்ளுங்கள். கென்டக்கி மாநிலத்தில், ஒஹையோ ஆற்றங்கரையில் இருக்கிற ஊர். அந்த ஊர் பீருக்கு 'காமன்' என்று பேர். இன்றைக்கு 'கென்டக்கி காமன்' என்கிறார்கள். உள்நாட்டுப் போருக்குப் பிறகு வந்தது, 1920-ல் மதுவிலக்கோடு போயிற்று. 1900 முதல் மதுவிலக்கு வரை அந்த வட்டாரத்தில் விற்ற பீரில் சுமார் முக்கால் பங்கு இதுதான். வட்டாரத்தைத் தாண்டினால் ஏறக்குறைய யாருக்கும் தெரியாது. காய்ச்சிய ஆறு முதல் எட்டு நாளில் சலூன் என்கிற மதுக்கடையின் நிலவறைக்குப் போய்விடும். விலையும் மலிவு.

நீங்கள் அமெரிக்காவில் இருக்கிறீர்கள், யாரோ பரிசாகக் கொடுத்த பீர் காய்ச்சும் சாமான்கள் பிரிக்காமல் கிடக்கின்றன என்று வைத்துக்கொண்டு எழுதுகிறேன். தமிழ்நாட்டிலிருந்து கேட்டிருந்தால் படிப்பதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். உரிமம் இல்லாமல் காய்ச்சுவது அங்கே குற்றம், "நீங்கள்தானே சொன்னீர்கள்" என்று அப்புறம் என்னைக் கேட்கக் கூடாது. அமெரிக்காவிலேயே 1978 அக்டோபரில் ஜிம்மி கார்ட்டர் கையெழுத்துப் போட்ட பிறகுதான் கூட்டரசுச் சட்டம் வழிவிட்டது. வயது வந்தவர் ஒருவர் மட்டும் உள்ள வீட்டுக்கு ஆண்டுக்கு 100 காலன், இருவரோ அதற்கு மேலோ இருந்தால் 200 காலன். விற்கக் கூடாது. மிசிசிப்பியும் அலபாமாவும் 2013 வரை இழுத்தடித்தன.

ஊருக்கு ஊர் ஏன் காய்ச்சினார்கள்? பீரை வண்டியேற்றினால் கெட்டுப்போகும். அவ்வளவுதான் காரணம். அதனால் கையில் கிடைத்த மாவுப்பொருள், கிணற்றுத் தண்ணீர், ஊர் வெயில், இந்த மூன்றுக்கும் ஏற்றபடி பீர் அமைந்தது. ஜார்ஜ் வாஷிங்டன் 1757 வாக்கில் நோட்டுப் புத்தகத்தில் எழுதி வைத்த செய்முறையில் பார்லி மால்ட், அதாவது முளைகட்டி உலர்த்திய பார்லி, ஒரு பிடி கூடக் கிடையாது. ஒரு பெரிய சல்லடைத் தவிடு, கசப்புக்குப் போடுகிற ஹாப்ஸ் பூ வேண்டிய அளவு, மூன்று மணி நேரக் கொதி. 30 காலனை வடித்து, சூடு ஆறுமுன் 3 காலன் வெல்லப்பாகு. உடம்புச் சூட்டுக்குக் கொஞ்சம் மேலே ஆறியதும் ஒரு குவார்ட் (ஏறக்குறைய ஒரு லிட்டர்) ஈஸ்ட். குளிர் அதிகமென்றால் மேலே கம்பளி போர்த்த வேண்டும். ஒரு வாரத்தில் புட்டியில் அடைக்க வேண்டும். இன்றைய நாக்குக்கு அது பிடிக்குமா என்பது சந்தேகம்தான், ஆனால் வீட்டில் எது இருந்ததோ அதில் காய்ச்சினார்கள் என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி வேண்டாம்.

1840-ல் ஜான் வாக்னர் என்பவர் பவேரியாவிலிருந்து பிலடெல்ஃபியாவுக்கு லாகர் ஈஸ்ட் கொண்டுவந்தார். லாகர் என்கிற பீர் வகைக்கு 8 முதல் 12 டிகிரி செல்சியஸில் நொதிக்க வேண்டும், பிறகு பூஜ்யத்துக்குப் பக்கத்தில் வாரக்கணக்கில் கிடக்க வேண்டும். ஏரியில் பனிக்கட்டி அறுக்கிற மில்வாக்கிக்கு அது சரி. சான் பிரான்சிஸ்கோவில் பனிக்கட்டி ஏது? அதே ஈஸ்ட்டை அகலமான, ஆழமில்லாத தொட்டிகளில் ஊர் வெப்பத்திலேயே நொதிக்க விட்டார்கள். அதுதான் ஸ்டீம் பீர். லூயிவில் காமனுக்கோ லாகர் ஈஸ்ட்டே வேண்டாம், குளிர் கேட்காத ஏல் ஈஸ்ட் போதும். காத்திருக்கிற வேலை இல்லை. அங்கேயும் பனிக்கட்டி இயந்திரம் வரும்வரை கோடையில் காய்ச்சுவது கஷ்டம். மால்ட் செய்யும் நிலவறை வைத்திருந்தவர்கள் அங்கே நொதிக்க வைத்துச் சமாளித்தார்கள்.

இனி மக்காச்சோளம். "அமெரிக்கக்காரன் சோளத்தைக் கலந்து ஏமாற்றினான், அசல் பீருக்கு மால்ட் மட்டும்தான்" என்று யாராவது கீழே எழுதத்தான் போகிறார்கள், இப்போதே சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவில் நன்றாக விளைந்தது ஆறு வரிசை பார்லி. ஐரோப்பிய இரண்டு வரிசைப் பார்லியைவிட அதில் புரதம் அதிகம், உமி அதிகம், மாவைச் சர்க்கரையாக்கும் நொதிகளும் அதிகம். அதை மட்டும் போட்டுக் காய்ச்சினால் பீர் குளிரக் குளிரக் கலங்கும், வாயில் கனக்கும். கால் பங்கோ மூன்றில் ஒரு பங்கோ சோளம் சேர்த்தால் புரதம் நீர்த்துப்போகிறது, மிச்சமிருக்கும் நொதி சோள மாவையும் சர்க்கரையாக்கிவிடுகிறது. பிராகாவில் படித்துவிட்டு வந்த ஆன்டன் ஷ்வார்ட்ஸ் இதை ஆலைக்காரர்களுக்கு எழுதி எழுதிப் புரியவைத்தார். தவிர, பழைய முறையில் சோளம் சேர்க்க ஒரு பாத்திரமும் ஒன்றரை மணி நேரமும் கூடுதலாகப் பிடிக்கும். ஏமாற்ற நினைப்பவன் இவ்வளவு பாடுபடமாட்டான்.

5 காலனுக்கு, அதாவது 19 லிட்டருக்கு அளவு இது. ஆறு வரிசை மால்ட் 2.5 கிலோ, மக்காச்சோளக் குருணை 1.4 கிலோ, கிரிஸ்டல் மால்ட் 50 கிராம், கருக வறுத்த பிளாக் மால்ட் 50 கிராம். ஹாப்ஸ் க்ளஸ்டர் ரகம், 30 கிராம். சுத்தமான சுவை தருகிற அமெரிக்க ஏல் ஈஸ்ட் ஒரு பொட்டலம். தண்ணீரின் அடர்த்தி 1.000 என்றால், தொடக்க அடர்த்தி 1.048-க்குப் பக்கத்தில் வரும், முடிவில் 1.011 போல நிற்கும், ஆல்கஹால் ஐந்து சதவீதத்தை ஒட்டி. குருணை, சோளத்தின் முளைக்கரு நீக்கியதாக இருக்க வேண்டும். அந்தக் கருவில் எண்ணெய் இருக்கிறது. அது நுரையைக் கொல்லும், நாள்பட்டால் சிக்கு வாடை அடிக்கும்.

குருணையை நேரே மால்ட்டோடு ஊறவைத்தால் ஒன்றும் நடக்காது. அதன் மாவு முதலில் வெந்து இளக வேண்டும். 1.4 கிலோ குருணையோடு, மொத்த மால்ட்டிலிருந்து 400 கிராமை அரைத்துக் கலந்து, 7 லிட்டர் தண்ணீரில் மெல்லச் சூடேற்றுங்கள். 68-70 டிகிரியில் இருபது நிமிடம் நிறுத்துங்கள். இந்த இடத்தில் பாத்திரத்தைக் கவனிக்க வேண்டும்: முதலில் களி மாதிரி இறுகிக் கரண்டி நகர மறுக்கும், பத்துப் பன்னிரண்டு நிமிடத்தில் மால்ட்டின் நொதி வேலை செய்யத் தொடங்கியதும் அதே களி கஞ்சியாக இளகிக் கரண்டியிலிருந்து வழியும். இளகாவிட்டால் மால்ட்டைச் சேர்க்க மறந்திருப்பீர்கள், இல்லை 75-ஐத் தாண்டி நொதியைச் சுட்டிருப்பீர்கள். இளகியபின் கொதிக்கவிட்டு அரை மணி நேரம் கிளறிக்கொண்டே இருங்கள். கையை எடுத்தால் அடிப்பிடிக்கும். அடிப்பிடித்த வாடை கடைசி வரை போகாது.

இது கொதிக்கும்போதே மற்றொரு பாத்திரத்தில் மீதி 2.1 கிலோ மால்ட்டை 53 டிகிரி சூட்டில் உள்ள 9 லிட்டர் தண்ணீரில் கொட்டிக் கலக்குங்கள். 50 டிகிரியில் நிற்கும். கொதிக்கிற கஞ்சியை அதில் கரண்டி கரண்டியாக ஊற்றி, 67 டிகிரி வந்ததும் நிறுத்துங்கள். ஒரேயடியாகக் கவிழ்த்தால் 70-ஐத் தொட்டுவிடும், பீர் இனிப்பாகத் தங்கிவிடும். கஞ்சி மிச்சமிருந்தால் 67-க்கு ஆறவிட்டுப் பிறகு சேர்க்கலாம். ஒரு மணி நேரம் மூடி வையுங்கள். ஒரு சொட்டை வெள்ளைத் தட்டில் எடுத்து அயோடின் விடுங்கள். நீலமானால் மாவு இன்னும் இருக்கிறது, கால் மணி நேரம் பொறுங்கள்.

இவ்வளவு வேண்டாம் என்றால் மக்காச்சோள அவல் கடையில் கிடைக்கும், ஏற்கெனவே வெந்தது, நேரே மால்ட்டோடு 67-ல் ஊறவைக்கலாம். காலையில் பாலில் போட்டுச் சாப்பிடுகிற கார்ன்ஃப்ளேக்ஸ் அல்ல. அதில் உப்பும் சர்க்கரையும் இருக்கிறது. சுவையில் பெரிய வித்தியாசம் வராது, கறார்க்காரர்கள் சண்டைக்கு வரட்டும்.

பிளாக் மால்ட் நிறத்துக்கு மட்டும் என்று நினைக்க வேண்டாம். லூயிவில் தண்ணீர் கார்பனேட் கூடியது. வெளிர் மால்ட்டை மட்டும் போட்டால் ஊறலின் பி.எச். (அமிலம் குறைந்தால் ஏறும் அளவு) ஏறி, உமியிலிருந்து துவர்ப்பு இறங்கும். கருத்த மால்ட்டின் அமிலம் அதைக் கீழே இழுக்கும். அந்த ஊர்க்காரர்கள் கருப்பு சேர்த்ததற்கு இது ஒரு காரணமாக இருக்கலாம் என்பார்கள், கருத்த பீரே அவர்களுக்குப் பிடித்தது என்றும் சொல்வதுண்டு. உங்கள் குழாய்த் தண்ணீர் மென்மையானது என்றால் ஊறலின் கடைசிக் கால் மணி நேரத்தில் சேர்த்தால் போதும். பி.எச். 5.3-ஐ ஒட்டி இருக்கட்டும். குளோரின் வாடையுள்ள தண்ணீரை அப்படியே எடுக்காதீர்கள், பீரில் மருந்துக்கடை நாற்றம் வரும்.

வடித்து, 76 டிகிரி தண்ணீரால் அலசி, மொத்தம் 24 லிட்டர் இனிப்புச் சாறு பிடியுங்கள். இதற்கு வோர்ட் என்று பேர். மூடாமல் 90 நிமிடம் கொதிக்க வேண்டும். மூடினால் வெந்த சோள வாடை ஆவியோடு போகாமல் உள்ளேயே தங்கும். கொதி முடிய ஒரு மணி நேரம் இருக்கும்போது 20 கிராம் ஹாப்ஸ், கால் மணி நேரம் இருக்கும்போது 10 கிராம். சீக்கிரம் 18 டிகிரிக்கு ஆற்றி ஈஸ்ட்டைத் தூவுங்கள். 16 முதல் 20-க்குள் வைத்திருங்கள்.

லூயிவிலில் அடர்த்தி 1.020-1.022 இருக்கும்போதே, நொதித்துக்கொண்டிருக்கிற பீரைப் பீப்பாயில் ஊற்றி அடைப்பானை அறைந்துவிடுவார்கள். மிச்ச நொதிப்பு சலூன் நிலவறையில் நடக்கும், வாயு தானாக ஏறும். இதைப் படித்துவிட்டுக் கண்ணாடிப் புட்டியில் செய்து பார்க்கிறவர்கள் உண்டு. 0.001 அடர்த்தி இறங்கினால் பீரின் கொள்ளளவில் ஏறக்குறைய அரைப் பங்கு வாயு வரும். 1.020-லிருந்து 1.011 வரை என்றால் நாலரைப் பங்கு. சாதாரணப் புட்டிக்கு இரண்டரைதான் கணக்கு. வெடிக்கும், கண் போகும். அடர்த்தி அளக்கிற ஹைட்ரோமீட்டர் மூன்று நாள் ஒரே அளவைக் காட்டிய பிறகு, 19 லிட்டருக்கு 115 கிராம் சர்க்கரை கரைத்து ஊற்றிப் புட்டியில் அடையுங்கள். கெக் என்கிற உலோகப் பீப்பாய் இருந்தால் இந்தத் தலைவலி இல்லை.

இன்னொன்று. காமன் புளிப்பு பீர் என்று சொல்லி மாஷை, அதாவது மால்ட் ஊறலை, இரண்டு நாள் புளிக்கவைக்கிற குறிப்புகள் நிறையச் சுற்றுகின்றன. பக்கத்திலேயே போர்பன் விஸ்கி ஆலைகள் புளித்த மாஷ் போடுவதால் பீர்க்காரர்களும் போட்டிருப்பார்கள் என்று பிற்காலத்தவர் கட்டியது. பெரிய ஆலைகளின் பழைய பதிவுகளில் அப்படி ஒரு படியே இல்லை. ஒரு வாரத்தில் விற்றுத் தீர்க்கிற பீரைப் புளிக்கவைக்க யாருக்கு நேரம்?

காமன் எப்படி அழிந்தது என்று நீங்கள் கேட்கவில்லை, ஆனாலும் மதுவிலக்கின் தலையில் மட்டும் பழியைப் போடுகிறார்கள் என்பதால் சொல்கிறேன். 1873-ல் அமெரிக்காவில் 4,131 பீர் ஆலைகள். மதுவிலக்கு வருவதற்குள்ளேயே அது சுமார் மூன்றில் ஒன்றாகிவிட்டது. குளிரூட்டும் இயந்திரம், சூடேற்றிக் கிருமியைக் கொல்லும் பாஸ்ச்சரைசேஷன், பனிக்கட்டி வைத்த ரயில் பெட்டி, 1892-ல் பால்டிமோரின் வில்லியம் பெயின்டர் காப்புரிமை வாங்கிய புட்டிப் பல் மூடி, எல்லாம் சேர்ந்து பீரைப் பயணம் போக வைத்தன. பயணம் போகிற பீர் வந்துவிட்டால் போகாத பீருக்கு மதிப்பு ஏது? 1933-ல் கதவு திறந்தபோது லூயிவிலில் தப்பி நின்ற சில பெரிய ஆலைகள் ஏறக்குறைய எல்லாமே லாகர்க்காரர்கள். காமனைக் காய்ச்ச ஆள் இல்லை. 1978-ல் நாடு முழுக்க மிஞ்சியது 89 ஆலைகள்.

சம்பந்தமில்லாத ஒரு வருத்தம். இதைத் தமிழில் எழுத உட்கார்ந்தால் செய்தித்தாள்காரர்கள் பீர், ஒயின், விஸ்கி, கள் எல்லாவற்றையும் 'மது' என்ற ஒரே சாக்கில் போட்டுக் கட்டி வைத்திருக்கிறார்கள். காய்ச்சுவது என்றாலே கள்ளச்சாராயம்தான் நினைவுக்கு வருகிறது. பீரில் வாலைவடித்தலே கிடையாது. கொதிக்க வைப்பது நொதிப்பதற்கு முன்னால், சாராயத்தில் நொதித்த பிறகு. முளைகட்டிய கேழ்வரகை வறுத்து மாவாக்கத் தெரிந்த ஊரில் 'மால்ட்' என்பதற்கு நிலைத்த ஒரு சொல் இல்லாமல், நானும் மால்ட் என்றே எழுதித் தொலைக்க வேண்டியிருக்கிறது.

காமனை எடுத்துவைத்து மாதக்கணக்கில் பழுக்கவிடாதீர்கள், அது அதற்கான பீர் இல்லை. புட்டியில் அடைத்து இரண்டு வாரத்தில் வாயு ஏறிவிடும், அடுத்த மூன்று நாலு வாரத்துக்குள் தீர்த்துவிடுங்கள்.