ஹென்றி ஜயசேனவின் நடிப்பை அறிய எங்கிருந்து தொடங்குவது?

'தூ தருவோ' என்ற சிங்களத் தொலைக்காட்சித் தொடரின் 'சுது சீயா'வாகவே இலங்கை நடிகர் ஹென்றி ஜயசேனவை (1931–2009) பலருக்கும் தெரியும். ஆனால் அவருடைய உச்சம் மேடைதான். ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்ட்டின் வெண்கட்டி வட்ட நாடகத்தை 1967இல் 'ஹுணுவடயே கதாவ' எனச் சிங்களத்தில் மேடையேற்றி, நீதிபதி அஸ்டக்காகவும் நடித்தார். கடினமான வேடம் அது. குழந்தையோடு தப்பியோடும் பணிப்பெண்ணின் கதையில் பார்வையாளர்கள் ஒன்றிவிட்ட பிறகே அஸ்டக் நுழைகிறான். வந்தவுடன் அவர்களைத் தன் பக்கம் இழுக்காவிட்டால் குழந்தை யாருக்கு என்று அவன் விசாரிக்கும் இறுதி வழக்கு வலுவிழந்துவிடும்.

மேடையில் இனிப் பார்க்க முடியாது என்பதால் 'கம்பெரலிய' (1963) படத்திலிருந்து தொடங்குங்கள். லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் இயக்கிய இப்படம் 1965இல் டெல்லி திரைப்பட விழாவில் தங்க மயில் விருது பெற்றது. வளவுக் குடும்பம் (மாளிகையில் வாழும் உயர்குடிக் குடும்பம்) முதலில் ஏற்க மறுக்கும் ஆசிரியர் பியல்தான் ஜயசேன. குரலை உயர்த்தாமலே அந்த அவமானத்தை உணர்த்துகிறார்; மேடை நடிகருக்கு இது எளிதல்ல.