காலச்சுடருக்குப் பசிக்காதா?

கேள்வி: பத்து வயதுப் பிள்ளைகளுக்காக நான் எழுதிய ‘காலச்சுடர்’ கதையைத் திருப்பி அனுப்பிவிட்டீர்கள். இருட்டில் நீலமாக ஒளிரும் கடல் உயிர் அது. நினைத்தால் காலத்தை நிறுத்தும், பின்னோக்கித் திருப்பும். அறிவியலுக்கு ஒத்துவராது என்பதுதான் காரணமா? கற்பனைக்குக்கூட ஆதாரம் கேட்பீர்களா?

பதில்: ஆதாரம் கேட்கவே மாட்டேன். வடை சுட்ட பாட்டி கதையில் நரி பேசுவதை எந்தப் பிள்ளையும் குறுக்கே நிறுத்திக் கேள்வி கேட்டதில்லை. உங்கள் கதையில் என்னை உறுத்தியது வேறு. காலச்சுடர் எதையும் இழப்பதே இல்லை. படகு கவிழ்கிறது, காலம் திரும்புகிறது. பையனின் அப்பா காணாமல் போகிறார், காலம் திரும்புகிறது. மூன்றாவது ஆபத்து வரும்போது படிக்கிற பிள்ளைக்குத் துளிகூடப் பயம் வராது. எப்படியும் சரியாகிவிடும் என்று அதற்குத் தெரிந்துபோகிறது.

கடலில் நிஜமாகவே இதற்குப் பக்கத்தில் வரும் உயிர் ஒன்று இருக்கிறது. நெமியாப்சிஸ் என்பார்கள்; சீப்பு ஜெல்லி வகை, உள்ளங்கைக்குள் அடங்கிவிடும், கண்ணாடி போன்ற உடம்பு. உடம்பில் எட்டு வரிசையாக நுண்மயிர்ச் சீப்புகள். பகலில் அவற்றில் ஓடும் வானவில் நிறம், வெளிச்சம் பட்டுச் சிதறுவதால் வருவது. இருட்டில் தொட்டால்தான் அதன் சொந்த ஒளி நீலப்பச்சையாக ஒரு நொடி மின்னி ஓடும். வெயில் பட்டுவிட்டால் அந்த ஒளியும் போய்விடும். மறுபடி இருட்டில் கிடந்துதான் மீட்டுக்கொள்ள வேண்டும். உங்கள் காலச்சுடரோ முதல் பக்கம் முதல் கடைசிப் பக்கம்வரை ஓயாமல் ஒளிர்கிறது.

2024-இல் நார்வேயின் பெர்கன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் இந்த உயிரைப் பற்றி ஒரு செய்தி வெளியிட்டார்கள். தொட்டியில் விட்டிருந்த வளர்ந்த ஜெல்லியைக் காணோம். இருந்தது ஒரு குஞ்சு. வளர்ந்ததே குஞ்சாகிவிட்டதோ என்று சந்தேகப்பட்டுச் சோதித்தார்கள். ஜெல்லிகளைப் பட்டினி போட்டார்கள், சிலவற்றின் உடம்பிலிருந்து மடல்களையும் வெட்டினார்கள். சில வாரங்களில் அந்த ஜெல்லிகளில் சில சுருங்கின. மடல் இருந்த உடம்பில் குஞ்சுப் பருவத்தின் நீண்ட உணர்கொம்புகள் முளைத்தன. இரை பிடிக்கும் விதம்கூடக் குஞ்சுடையதாக மாறியது. எல்லாவற்றுக்கும் இது வாய்க்கவில்லை, சிலவற்றுக்குத்தான்.

இங்கேதான் உங்களுக்குக் கதை இருக்கிறது. காயமும் பசியும்தான் அதைப் பின்னால் தள்ளின. வளர்ந்த உடம்பை விட்டுக்கொடுத்துத்தான் அது இளமைக்குப் போனது. அப்புறம், திரும்பியது அந்த ஓர் உடம்பு மட்டும். ஆய்வுக்கூடச் சுவரில் நாட்காட்டித் தாள் வழக்கம்போலக் கிழிந்துகொண்டுதான் இருந்திருக்கும். காலச்சுடர் குஞ்சாகித் திரும்பி வரும்போது பையன் வளர்ந்து நிற்கிறான் என்று வைத்துப் பாருங்கள். அவனை அதற்கு அடையாளம் தெரியுமா? இந்த ஒரு கேள்விக்காகவே நான் அடுத்த பக்கத்தைப் புரட்டுவேன்.

‘சாகாத ஜெல்லி மீன்’ என்று பேர்போன டுரிடாப்சிஸ் இன்னும் ஒரு படி மேலே. அரை சென்டிமீட்டர்கூட இருக்காது. அடிபட்டாலோ பட்டினி கிடந்தாலோ உருக்குலைந்து, பாறையில் ஒட்டி வாழும் பருவத்துக்கே போய்விடும். அங்கிருந்து மறுபடி ஜெல்லிகள் மொட்டுவிடும். ஒன்றாகப் போனது பலவாக வருகிறது. அதில் எது பழைய ஆள்? சாகாதது என்று பெயர்தான், ஒரு மீன் விழுங்கினால் கதை முடிந்தது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். உங்கள் நாயகன் மீனவர் வீட்டுப் பிள்ளை. அமெரிக்க அட்லாண்டிக் கரையைச் சேர்ந்த இந்த நெமியாப்சிஸ், 1980-களில் கப்பல்களின் அடித்தொட்டி நீரோடு கருங்கடலுக்கு வந்து சேர்ந்தது. நெத்திலியின் முட்டையையும் குஞ்சையும் அவை தின்னும் சின்னஞ்சிறு மிதவை உயிர்களையும் தின்று பெருகியது. அந்தப் பத்தாண்டின் இறுதியில் நெத்திலிப் பிடிப்பு சரிந்தது. அளவுமீறிப் பிடித்ததும் ஒரு காரணம்தான்; ஆனாலும் வெறும் வலையோடு கரைக்குத் திரும்பியவர்களுக்கு அந்த மின்னும் உயிர் அதிசயமாகத் தெரிந்திருக்காது. உங்கள் பையனின் அப்பா வலையை இழுக்கும்போது என்ன வந்து விழுகிறது என்று நீங்கள் ஓர் இடத்திலும் எழுதவில்லை. காலச்சுடர் என்ன தின்னும் என்றும் எழுதவில்லை. இரண்டும் ஒரே பதிலாக இருக்கலாம், யோசியுங்கள்.

உங்கள் நடை எனக்குப் பிடித்திருக்கிறது. அலை பின்வாங்கும்போது பையனின் காலடி மணல் கரையும் அந்தப் பத்தியை அப்படியே வைத்துக்கொள்ளுங்கள். காலம் திரும்புவது ஒரே ஒரு முறை இருந்தால் போதும். திருத்தி அனுப்பினால் நானே முதலில் படிக்கிறேன்.